குரல் போன பிறகு நான் நடித்த படம்

புதிதாக நாடகத்துக்கு வந்திருக்கும் பிள்ளைகள் பழனிப் பக்கம் வந்தால் என்னையும் ஒரு எட்டுப் பார்த்துவிட்டுப் போகிறீர்கள். சந்தோஷம். வந்து உட்கார்ந்ததும் எல்லோரும் கேட்கும் முதல் கேள்வி ஒன்றுதான்: “அக்கா, அவ்வளவு வசனத்தையும் எப்படி மனப்பாடம் பண்ணீங்க?” நான் சொல்லும் பதில் உங்களில் பாதிப் பேருக்குப் பிடிப்பதில்லை. வசனம் நாலு மேடை ஏறினால் தானாக வந்துவிடும். அது வராமல் போகும் நாள் ஒன்று இருக்கிறது. அந்த நாளைப் பற்றித்தான் நீங்கள் என்னிடம் கேட்க வேண்டும். கேட்கவில்லை என்றாலும் நான் சொல்லத்தான் போகிறேன். காபியைக் குடித்துக்கொண்டே கேளுங்கள்.

என் பெயர் தனலட்சுமி. பாலசமுத்திரத்துக்காரி. முப்பத்தைந்து வருடம் ஸ்திரீபார்ட். ராணி, இளவரசி, ரோஷக்காரி, பத்தினி என்று எந்த நாயகி வேஷமானாலும் என்னைத்தான் கூப்பிடுவார்கள். அதற்குப் பிறகு ஒரே ஒரு சினிமாப் படம். அதிலும் பேச்சே கிடையாது. முப்பத்தைந்து வருடம் தொண்டையை நம்பிப் பிழைத்தவள் வாயைத் திறக்காத படத்தில் நடித்து ஓய்வு பெற்ற கதை இது.

முதலில் என் முதல் தப்பைச் சொல்லிவிடுகிறேன். அதைச் சொல்லாமல் பெரிய பேச்சுப் பேசினால் நன்றாக இருக்காது.

அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. சொந்த ஊர்த் திருவிழாவில், பாலசமுத்திரத்திலேயே மேடை. போரில் ராஜா செத்துப்போவார். ராணி அவர் உடலைக் கட்டிக்கொண்டு கதறிப் பாட வேண்டும். நாடகத்தின் உயிரே அந்த இடம்தான். நான் தலையை விரித்துப் போட்டுக்கொண்டு ஓடிவந்து விழுந்தேன். பாட்டை எடுக்கப் போகும்போது முன்வரிசையில் என் அத்தை எழுந்து நின்று, பொரி அள்ளிய கையை என்னை நோக்கி ஆட்டி, “ஏய், நம்ம தனம்டி! இங்க பாரு, தனம்!” என்று கத்தினாள்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கப் பார்த்தேன், முடியவில்லை. சத்தமாகவே சிரித்துவிட்டேன். என் கைக்குக் கீழே செத்துக் கிடந்த ராஜபார்ட்டுக்கும் வயிறு குலுங்கியது. கூட்டம் முழுவதும் கொல்லென்று சிரித்தது. அவமானம் தாங்காமல் எழுந்து மேடையை விட்டே ஓடிவிட்டேன். பின்னால் ஜெனரேட்டர் பக்கத்தில் உட்கார்ந்து நிஜமாகவே அழுதுகொண்டிருந்தேன்.

எங்கள் குழுவில் பபூன் வேஷம் கட்டும் அண்ணன் ஒருவர் இருந்தார். என்னைவிட ஐந்தாறு வயதுதான் மூத்தவர். தன் பெயரை எங்கேயும் சொல்லக்கூடாது என்று இப்போதும் என்னைத் திட்டுவார் என்பதால் பபூன் அண்ணன் என்றே வைத்துக்கொள்வோம். அவர் கோமாளிக் குல்லாயோடு வந்து என் முன்னால் நின்றார்.

“ஏ புள்ள, இங்க என்ன சோலி உனக்கு?”

“சிரிச்சுட்டேண்ணே. எல்லாம் போச்சு.”

“சிரிச்சது கெடக்கட்டும். அங்க ஒரு மனுசன் செத்துக் கெடக்கான். அழ ஆளில்லாமக் கெடக்கான். கொசு வேற கடிக்குது, சொறியவும் முடியாது அவனால. வெரசாப் போ.”

எனக்கு மறுபடியும் சிரிப்பு வந்தது. அவர் விடவில்லை. “சிரிச்சுக்கிட்டே போ. போயி அந்தச் சிரிப்ப அழுகையா மாத்து. பைத்தியம் புடிச்சு சிரிச்சான்னு நெனச்சுக்கட்டும். மேடைய விட்டு எறங்கிட்டா அதுக்கு ஒரு மாத்தும் கெடையாது.”

ஆர்மோனியக்காரர் அதுவரை அந்தப் பாட்டின் முதல் வரியையே திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருந்தார். நான் சிரித்துக்கொண்டே மேடை ஏறினேன். ராஜா பக்கத்தில் உட்கார்ந்து அவர் முகத்தைப் பார்த்துச் சிரித்தேன், இன்னும் கொஞ்சம் சத்தமாகச் சிரித்தேன், அப்படியே குரலை உடைத்துப் பாட்டுக்குள் போனேன். கூட்டம் மூச்சு விடவில்லை. கீழே இறங்கியதும் அத்தை என்னைக் கட்டிக்கொண்டு, “சிரிச்சே கொன்னுட்டடி” என்றாள். அது அவள் செய்த வேலை என்று இன்று வரை அவளுக்குத் தெரியாது.

தப்பு எல்லோருக்கும் நடக்கும், பிள்ளைகளா. தப்பு நடந்த இடத்திலேயே நின்றால் அதை வைத்து ஏதாவது செய்யலாம். ஜெனரேட்டர் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு ஒன்றும் செய்ய முடியாது.

அதற்குப் பிறகு வருடங்கள் ஓடின. என் குரலுக்கு ஊர் ஊராகப் பெயர் வந்தது. மைக் இல்லாமல் கடைசி வரிசைக்குக் கேட்கும் என்பார்கள். எனக்கும் அந்தக் கர்வம் இருந்தது. அந்தக் கர்வத்தால்தான் இரண்டாவது தப்பைச் செய்தேன்.

ஐம்பது வயதைத் தாண்டியிருந்தேன். தொண்டை இரண்டு மாதமாகக் கரகரத்தது. மேல் ஸ்தாயிக்குப் போனால் நூல் அறுந்த மாதிரி குரல் பட்டென்று நின்றுபோகும். யாரிடமும் சொல்லவில்லை. மிளகும் கற்கண்டும் மென்றுகொண்டு, ஒத்திகைக்கு வராமல் சாக்குச் சொல்லிக்கொண்டு சமாளித்தேன். சொன்னால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்களோ என்ற பயம்.

அந்தச் சமயத்தில் கொடைக்கானலுக்கு மேலே மன்னவனூரில் திருவிழா நாடகம். மேல்மலை ஊர்களில் ராத்திரிக் குளிரில் யாரும் உட்கார முடியாது. அதனால் மத்தியானமே நாடகத்தைத் தொடங்கிவிடுவார்கள். நாங்கள் போன அன்று மூன்று மணிக்கே மேகம் இறங்கிவிட்டது. பூண்டுக் காடு, உருளைக்கிழங்குக் காடு எல்லாவற்றையும் மூடிக்கொண்டு மேடைக்குள்ளேயும் வந்தது. அதே ராணி வேஷம், அதே செத்த ராஜா. நான் உட்கார்ந்து வாயைத் திறந்தேன். முதல் அடியில் பாதி வந்தது. மீதி வரவில்லை. இன்னொரு தடவை முயன்றேன். வெறும் காற்றுதான் வந்தது.

ஆர்மோனியக்காரர் என்னைப் பார்த்தார். நான் ஆர்மோனியத்தைப் பார்த்தேன். பபூன் அண்ணனுக்குப் புரிந்துவிட்டது. வழக்கமாக அந்தக் காட்சியில் அவருக்கு வேலையே இல்லை. குல்லாயைச் சரிபண்ணிக்கொண்டு உள்ளே வந்து கூட்டத்தைப் பார்த்தார். “ராணியம்மா துக்கத்துல பேச முடியாம இருக்காங்க. அவங்க என்ன சொல்ல வர்றாங்கன்னா...” என்று ஆரம்பித்தார். என்னைக் காப்பாற்றத்தான் வந்தார். ஆனால் கோமாளியைப் பார்த்ததும் கூட்டம் சிரிக்கத் தயாராகிவிட்டது. இரண்டு பேர் சிரித்தும் விட்டார்கள்.

அந்த ஒரு நிமிடத்தில் நான் முடிவெடுக்க வேண்டியிருந்தது. அவரைப் பேச விட்டால் எனக்கு அவமானம் இல்லை, ஆனால் அந்தச் சாவு கேலியாகிவிடும். அவரை நிறுத்தினால் என் கையில் என்ன இருக்கிறது? ஒன்றும் இல்லை. இருந்தும் கையை நீட்டி அவரை நிறுத்தினேன். அவர் சட்டென்று வாயை மூடிக்கொண்டு அப்படியே தரையில் குந்தி, தலையில் துண்டைப் போட்டுக்கொண்டார்.

அதற்குப் பிறகு என்ன செய்வது என்று தெரியாமல் ராஜாவின் தலைப்பாகையை அவிழ்த்தேன். கீழே விழுந்ததில் மண் ஒட்டியிருந்தது. அதைத் தட்டினேன். எங்கள் அப்பா செத்த அன்று அம்மா அவருடைய துண்டை மடித்துக்கொண்டே இருந்தது ஞாபகம் வந்தது. தலைப்பாகைத் துணியை நாலாக மடித்தேன். சரியில்லை என்று பிரித்தேன். மறுபடி மடித்தேன். எவ்வளவு நேரம் அப்படிச் செய்தேன் என்று தெரியாது. மேடையைச் சுற்றி வெள்ளையாக மேகம். முன்வரிசைப் பெண்கள் கம்பளியை வாயில் அடைத்துக்கொண்டு அழும் சத்தம் மட்டும் கேட்டது.

நாடகம் முடிந்ததும் ஊர்க்காரர்கள் வந்து கும்பிட்டார்கள். பபூன் அண்ணன் கும்பிடவில்லை. வேனில் ஏறியதும் பிடித்துக்கொண்டார்.

“தொண்டை எத்தன நாளா இப்படி இருக்கு?”

இரண்டு விரலைக் காட்டினேன்.

“ரெண்டு மாசமா? ரெண்டு மாசமா எங்க எல்லாரையும் கயித்து மேல நடக்க விட்டிருக்க. சொல்லியிருந்தா பாட்டக் கொறச்சிருப்போம், சுருதிய எறக்கியிருப்போம். இன்னைக்கு ஏதோ ஒன்னு நடந்துச்சு. நாளைக்கும் நடக்குமா?”

நடக்காது என்று தலையை ஆட்டினேன். கொஞ்ச நேரம் கழித்து அவரே, “நீ கைய நீட்டுனப்ப என்னைய அறையத்தான் வர்றன்னு நெனச்சேன்” என்றார். வேன் முழுவதும் சிரித்தது. நானும் சத்தமில்லாமல் சிரித்தேன்.

உடம்பில் ஒரு குறை இருந்தால் உடன் நடிப்பவர்களிடம் அன்றைக்கே சொல்லிவிடுங்கள். மறைப்பதில் வீரம் ஒன்றும் இல்லை. அன்று மன்னவனூரில் நான் சாமர்த்தியமாக நடந்துகொண்டேன் என்று ஊர் சொன்னது. இரண்டு மாத முட்டாள்தனத்தை மறைக்கத்தான் அந்தச் சாமர்த்தியம் தேவைப்பட்டது.

திண்டுக்கல் டாக்டர் தொண்டைக்குள் பார்த்துவிட்டு, ஆறு மாதம் தொண்டைக்கு ஓய்வு கொடுத்தால் மறுபடி பேசலாம், ஆனால் இனி மேடையில் பாடக்கூடாது என்று சொல்லிவிட்டார். பழனி அடிவாரத்தில் என் தங்கைக்குப் பஞ்சாமிர்தக் கடை இருக்கிறது. அங்கே போய் உட்கார்ந்தேன். அந்த ஆறு மாதமும் பேசவே கூடாது என்பதால் யாத்திரைக்காரர்கள் எது கேட்டாலும் கையால்தான் பதில். டப்பா சின்னதா பெரியதா, எத்தனை நாள் கெடாமல் இருக்கும் என்று எல்லாவற்றையும் அபிநயம் பிடிப்பேன். வாங்க வராதவர்களும் வேடிக்கை பார்க்க நிற்பார்கள். தங்கை, “நீ பேசாம இருக்கிறதே கடைக்கு நல்லது” என்றாள். வெளியே சிரித்தாலும் உள்ளே எனக்கு இருட்டிக்கொண்டுதான் வந்தது. திருவிழாக் காலத்தில் குழுவின் வேன் கடையைத் தாண்டிப் போகும். உள்ளே இருந்து எல்லோரும் கையை ஆட்டுவார்கள். நான் வேறு பக்கம் திரும்பி டப்பா அடுக்குவேன்.

ஒருநாள் ஜீன்ஸ் போட்ட பெண் ஒருத்தி கடைக்கு வந்தாள். பஞ்சாமிர்தம் வாங்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

“மேடம், நீங்க மன்னவனூர் குவீன்தானே?”

அவள் பெயர் ஷீபா. கொடைக்கானலில் பிறந்து, அங்கேயே கான்வென்டில் படித்து, சென்னைக்குப் போய் சினிமா கற்றுக்கொண்டு வந்தவள். அன்றைய திருவிழாவுக்குத் தோழி வீட்டுக்கு வந்திருந்தாளாம். தலைப்பாகை மடித்ததைப் பார்த்தாளாம்.

“நான் ஒரு ஃபிலிம் பண்றேன் மேடம். டயலாக்கே கிடையாது. ஃபர்ஸ்ட்ல இருந்து லாஸ்ட் வரைக்கும் யாரும் ஒரு வார்த்தை பேச மாட்டாங்க. நீங்கதான் ஹீரோயின்.”

அப்போது கொஞ்சம் பேச ஆரம்பித்திருந்தேன். “ஏம்மா, என்கிட்ட வித்தைன்னு இருந்ததே குரல் ஒன்னுதான். அதுவும் போயிருச்சு. வேற ஆளப் பாரேன்” என்றேன்.

“குரல் இருந்தப்ப நான் உங்களைப் பார்த்ததே இல்லையே மேடம்” என்றாள்.

கையில் இருந்த டப்பாவைக் கீழே வைத்துவிட்டு, கதையைச் சொல்லச் சொன்னேன்.

கதை சின்னதுதான். மேல்மலையில் பூண்டு போடும் ஒரு பெண். அவள் புருஷன் செத்துவிடுகிறான். துக்கம் கேட்க வந்தவர்கள் போன மறுநாள் மழை வரப் பார்க்கிறது. பூண்டைப் பிடுங்காவிட்டால் அழுகிவிடும். அவள் தனியாகப் போய்ப் பிடுங்குகிறாள். மாமியார் ஒருத்தி, பக்கத்து வீட்டார் சிலர். அவ்வளவுதான். படம் எடுக்க மன்னவனூருக்கே போனோம். பொன்னுத்தாயி என்ற விவசாயியின் வீட்டில் எனக்குத் தங்கல். அவளுடைய பூண்டுக் காட்டில்தான் படப்பிடிப்பு. என் வயதுக்காரிதான். நான் இறங்கியதுமே, “ராணியம்மா வந்திருக்காங்க” என்று தெருவுக்கே சொல்லிவிட்டாள்.

முதல் நாள் நடித்தேன். எப்படி நடித்தேன் தெரியுமா? கடைசி வரிசைக்குத் தெரிகிற மாதிரி நடித்தேன். ஆனால் கேமரா மூன்றடி தூரத்தில் இருந்தது. கதவைப் பார்க்கச் சொன்னால் கண்ணை உருட்டி, மூச்சை இழுத்து, நெஞ்சில் கை வைத்துப் பார்த்தேன். பூண்டு பிடுங்கச் சொன்னபோதும் அதே கதைதான். ஷீபா, “சூப்பர் மேடம், ஒன் மோர்” என்றாள். மறுபடியும் செய்தேன். “சூப்பர் மேடம், ஒன் மோர்.” பதினேழு தடவை. நம் நடிப்பு அவ்வளவு பிடித்துவிட்டது போலிருக்கிறது, பார்த்து அலுக்கவில்லை இந்தப் பிள்ளைக்கு என்று நான் நினைத்துக்கொண்டேன்.

சாயங்காலம் கைகால் கழுவப் போனபோது சுவருக்கு அந்தப் பக்கம் கேமராக்காரத் தம்பி சொல்வது கேட்டது. “ஷீபா, அவங்க இங்க நின்னு பாக்குற பார்வை கொடைக்கானல் ஏரி வரைக்கும் போகுது. நாடகத்துல ஊறிட்டாங்க. இப்பவே ஆள மாத்திட்டா நல்லது.”

ஷீபா, “அவங்ககிட்ட எப்படிடா சொல்றது? எங்க மம்மி வயசு” என்றாள்.

எனக்குக் காது சுட்டது. பெட்டியைக் கட்டினேன். மறுநாள் வெள்ளனே எழுந்து யாரிடமும் சொல்லாமல் முதல் பஸ்ஸுக்குப் போய் நின்றேன். பத்தொன்பது வயதில் கற்றுக்கொண்ட பாடம் ஐம்பது வயதில் எங்கே போனது என்று கேட்காதீர்கள். ரோஷம் வந்தால் பாடம் எல்லாம் பின்னால் போய்விடுகிறது.

பொன்னுத்தாயி காட்டுக்குப் போகிற வழியில் என்னைப் பார்த்துவிட்டாள்.

“எங்க கெளம்பிட்டீங்க பெட்டியோட?”

“பழனிக்குத்தான். எனக்கு இது சரிப்பட்டு வரல பொன்னுத்தாயி.”

“ஆமா, நேத்துப் பாத்தேன். சரிப்பட்டுத்தான் வரல.”

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆறுதல் சொல்வாள் என்று எதிர்பார்த்தேன்.

“நீங்க பூண்டு புடுங்குனீங்கள்ல, பூண்டப் பாக்கவே இல்லீங்க. வானத்தப் பாக்குறீங்க, மலையப் பாக்குறீங்க, நெஞ்சப் புடிக்கிறீங்க. பூண்டு என்னத்துக்கு வரும்? பாதி தாளு கையோட அந்துபோச்சு. எனக்கு வயிறு எரிஞ்சுச்சு.”

“அவளுக்குப் புருசன் செத்திருக்கான்ல. அந்தத் துக்கத்தக் காட்ட வேணாமா?”

பொன்னுத்தாயி கூடையை இறக்கி வைத்தாள். “எம் புருசன் போயி பத்து நாளுல நான் இதே காட்டுல பூண்டு புடுங்குனேன். என் மூஞ்சிய யாரும் பாக்கல. நானும் காட்டல. கையில சோலி இருக்கையில மூஞ்சிக்கு என்னங்க வேல?”

பஸ் வந்து நின்றது. கண்டக்டர், “பழனியா? ஏறுங்கம்மா” என்றார். நான் பெட்டியைத் தூக்கவில்லை. அவர் இரண்டு தடவை கேட்டுவிட்டு விசிலடித்துப் போனார். பொன்னுத்தாயி என் பெட்டியைத் தன் கூடைக்குள் வைத்துத் தலையில் தூக்கிக்கொண்டாள்.

நேராக ஷீபாவிடம் போனேன். “ஏம்மா, நேத்து நான் நல்லாப் பண்ணலைன்னு ஏன் என்கிட்ட சொல்லல?”

அவள் முகம் சிவந்துபோனது. “சாரி மேடம். எனக்குத் தைரியம் வரல.”

“எங்க குழுவுல பபூன் வேஷக்காரர் ஒருத்தர் இருக்காரு. அவரா இருந்தா முதல் தடவையிலேயே, ஏ புள்ள, கண்ண உள்ள வச்சுக்கன்னு சொல்லியிருப்பாரு. நீ பதினேழு தடவை சூப்பர்ன்ன. இனிமே சூப்பர்ன்னு சொன்னா நான் நடிக்க மாட்டேன்.”

சிரித்துவிட்டாள். இரண்டு நாள் கேமரா வேண்டாம், பொன்னுத்தாயியோடு காட்டுக்குப் போகிறேன் என்றேன். ஒத்துக்கொண்டாள். அந்த இரண்டு நாளும் இடுப்பு உடையப் பூண்டு பிடுங்கினேன். தாளை எங்கே பிடிப்பது, எவ்வளவு இழுப்பது, மண்ணை எப்படி உதறுவது என்று பொன்னுத்தாயி ஒவ்வொன்றாகத் திருத்தினாள். இரண்டாம் நாள் சாயங்காலம், “இப்பத்தான் பூண்டப் பாக்குறீங்க” என்றாள். என் தொழிலில் எனக்குக் கிடைத்த பெரிய பாராட்டுகளில் அதுவும் ஒன்று.

அதற்குப் பிறகு படப்பிடிப்பு ஓடியது. கேமராக்காரத் தம்பியும் வந்து மன்னிப்புக் கேட்டான். “நீ சொன்னது சரிதாம்ப்பா, சுவருக்கு இந்தப் பக்கம் வந்து சொல்லியிருக்கலாம்” என்றேன். உங்களுக்கும் அதைத்தான் சொல்கிறேன். என்னைப் போலப் பழையவர்களோடு வேலை செய்யும்போது மரியாதை கொடுங்கள். ஆனால் மரியாதைக்குப் பயந்து உண்மையை விழுங்காதீர்கள். அப்படி விழுங்கினால் எங்களுக்கு முதல் பஸ்தான் மிச்சம்.

கடைசி நாள். பொன்னுத்தாயி தன் காட்டில் ஒரே ஒரு பாத்தியை எங்களுக்காகப் பிடுங்காமல் விட்டிருந்தாள். வானம் கறுத்துக்கொண்டு வந்தது. மழைக்கு முன்னால் அவள் பிடுங்கும் காட்சியை ஒரே தடவையில், நிறுத்தாமல் எடுக்க வேண்டும். பிடுங்கிய பூண்டை மறுபடி நட முடியாது. கேமராவைக் கீழ் வரப்பில் வைத்தார்கள். நான் மேல் முனையில் குனிந்து ஆரம்பித்தேன்.

பத்துப் பூண்டு பிடுங்கியிருப்பேன். பின்னால் பெரிதாக மூச்சு விடும் சத்தம். திரும்பாமல் ஓரக்கண்ணால் பார்த்தேன். காட்டெருமை. சீகை மரக் கூட்டத்திலிருந்து இறங்கி வந்து நிற்கிறது. பதினைந்தடி கூட இருக்காது. நாலு கால்களிலும் வெள்ளைக் காலுறை போட்ட மாதிரி, ஒரு கறுப்பு மலை.

கீழே ஷீபா கையை வாயில் வைத்துக்கொண்டாள். உதவிக்கு இருந்த ஆள் தகரத் தட்டைத் தட்டி விரட்டப் போனான். பக்கத்து வரப்பில் நின்ற பொன்னுத்தாயி அசையவில்லை. உள்ளங்கையைக் கீழ்நோக்கி மெதுவாக அமர்த்திக் காட்டினாள். சத்தம் போடாதே, ஓடாதே. முதல் நாளே எங்கள் எல்லோருக்கும் அவள் சொல்லியிருந்தாள்: “காட்டுமாடு நின்னா அதுபாட்டுக்கு நிக்கட்டும். வெரட்டுனாத்தான் அது வழி தேடும். அதோட வழியில நீங்க இருக்கப்படாது.”

தட்டைத் தட்டினால் அது சரிவில்தான் பாயும். சரிவில் அதற்கும் கேமராவுக்கும் நடுவே இருப்பது நான். இடுப்புக்குப் பக்கத்தில் கையை வைத்து, வேண்டாம் என்று கீழே இருப்பவர்களுக்கு விரலை ஆட்டினேன். பிறகு ஒரு பூண்டைப் பிடுங்கினேன். மண்ணை உதறினேன். பக்கவாட்டில் ஒரு அடி நகர்ந்தேன். இன்னொரு பூண்டு. இன்னொரு அடி. அவசரப்பட்டால் தாள் அறுந்துவிடும் என்று என் மனதுக்கு நானே சொல்லிக்கொண்டேன். பயத்தில் உடம்பெல்லாம் வேர்த்தது. ஆனால் கண் பூண்டை விட்டு நகரவில்லை. வேறு எதைப் பார்த்தாலும் ஓடியிருப்பேன்.

பாத்தியின் மறு ஓரத்துக்கு வந்தபோது அது தலையை ஒரு தடவை ஆட்டியது. வரப்பைத் தாண்டிப் பக்கத்துக் கேரட் காட்டில் இறங்கியது. நான் மண்ணிலேயே உட்கார்ந்துவிட்டேன். அழுகை வந்தது. நிறுத்த முடியவில்லை. பூண்டும் மண்ணும் ஒட்டிய கையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன்.

ஷீபா கேமராவை விட்டுவிட்டுப் பாதிச் சரிவு வரை ஏறி வந்திருந்தாள். ஓடிவந்து என்னைக் கட்டிக்கொண்டாள். தம்பி மட்டும் கேமராவை நிறுத்தவே இல்லை. அவனுக்கு அவளிடம் நல்ல திட்டு விழுந்தது. “அவங்களுக்கு ஏதாவது ஆகியிருந்தா இந்த ஷாட்டை வச்சு என்னடா பண்ணியிருப்ப?” மேலே பொன்னுத்தாயி, “ஐயோ, என் கேரட்டு! வெதக் கேரட்டுய்யா அது!” என்று புலம்பிக்கொண்டிருந்தாள்.

இந்தக் கதையைக் கேட்டுவிட்டு யாரும் நடிப்புக்காகக் காட்டெருமையைத் தேடிப் போக வேண்டாம். உயிர் முதலில், காட்சி அப்புறம். ஆளை விட்டுவிட்டுக் காட்சியைக் காப்பாற்றுகிற இடத்தில் வேலை செய்யாதீர்கள். ஷீபா ஏறி வந்தாள் பாருங்கள், அதற்காகவே அவள் எப்போது கூப்பிட்டாலும் நான் போவேன்.

அந்தக் காட்சிதான் படத்தில் இருக்கிறது. என்னை மட்டும் கிட்டத்தில் பிடித்ததால் எருமை கேமராவின் சட்டத்துக்குள் விழவில்லை. நான் மட்டும்தான் தெரிகிறேன். “ஏம்மா, அது பயத்துல அழுதது. துக்கம் இல்ல. ஏமாத்துற மாதிரி இருக்கே” என்று ஷீபாவிடம் கேட்டேன். “நீங்க அழுததை நான் வச்சுக்கல மேடம். அதுக்கு முன்னாடியே கட் பண்ணிட்டேன். பூண்டு பிடுங்குறதோட முடியுது” என்றாள். முப்பத்தைந்து வருடம் அழுது பெயர் வாங்கியவளின் அழுகையை வெட்டி எறிந்துவிட்டாள் அந்தப் பிள்ளை. அவள் செய்தது சரி என்று எனக்கும் பட்டது.

படம் முடிந்ததும் முதலில் மன்னவனூரில்தான் போட வேண்டும் என்று பொன்னுத்தாயி சொல்லிவிட்டாள். சமுதாயக் கூடத்தில் பகலிலேயே ஏற்பாடு. ஜன்னல்களில் கம்பளி கட்டி வெளிச்சத்தை மறைத்தார்கள். கீழேயிருந்து பபூன் அண்ணனும் வந்திருந்தார். ஊரே வந்து உட்கார்ந்தது. பேச்சில்லாத படத்தை யார் உட்கார்ந்து பார்ப்பார்கள் என்று ஷீபாவுக்குப் பயம்.

பயந்த மாதிரியே ஆயிற்று. இரண்டு நிமிடத்தில் பின்னாலிருந்து ஒருவர், “சவுண்டு வரல!” என்று கத்தினார். “சவுண்டப் போடுப்பா!” என்று நாலு பேர் சேர்ந்துகொண்டார்கள். ஷீபா எழுந்து விளக்கம் சொல்லப் போனாள். நான் அவள் கையைப் பிடித்து உட்கார வைத்தேன். “கொஞ்சம் பொறும்மா.”

திரையில் துக்கம் கேட்க வந்த பக்கத்து வீட்டுக்காரர் வாசலில் தயங்கி நின்றார். அதில் நடித்தவர் அந்த ஊர்க்காரர்தான். கூட்டத்திலிருந்து ஒரு குரல் வந்தது: “நின்னுக்கிட்டே இருந்தா எப்படி? உள்ள போயி ஒக்காருய்யா.” எல்லோரும் சிரித்தார்கள். இன்னொருவர் அவருக்காகப் பதில் சொன்னார்: “என்னத்தப் பேசுறதுன்னு தெரியலப்பா.” சிரிப்பு அடங்கியது. பிறகு மாமியார் வந்தாள். கூட்டத்தில் ஒரு பெண் மாமியாருக்காகப் பேசினாள். இன்னொருத்தி திரையில் இருந்த எனக்காகப் பேசினாள். “அத்த, நீங்க சாப்புட்டீங்களா?” “எனக்கு எறங்கலடி, நீ தின்னு.” யாரும் கேலி செய்யவில்லை. அவரவர் வீட்டில் கேட்டதைச் சொன்னார்கள்.

பபூன் அண்ணன் என் காதில், “எல்லாரும் வசனம் பேசுறாங்க, எனக்கும் வாய் ஊறுது” என்றார். “பேசாம இருங்கண்ணே” என்றேன்.

பூண்டுக் காட்சி வந்தது. கூடம் அடங்கிவிட்டது. ஒவ்வொரு பூண்டாக வருகிறது, மண் உதிர்கிறது, நான் நகர்கிறேன். அந்த எருமையைப் பற்றித் தெரிந்தவர்கள் கூட வாயைத் திறக்கவில்லை. அப்போது எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பொன்னுத்தாயி, யாரிடமும் சொல்லாத மாதிரி மெல்லச் சொன்னாள்: “அழுகாத. வீட்டுக்குப் போயி அழுதுக்கலாம். மழ வருது, புடுங்கு.”

பக்கத்தில் இருந்த பெண் அவள் தோளில் கை வைத்தாள். முப்பத்தைந்து வருடம் நான் பேசினேன், ஊர் கேட்டது. அன்று ஊர் பேசியது, நான் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தேன். அவ்வளவு நல்ல வசனத்தை எந்த நாடகத்திலும் எனக்கு யாரும் எழுதித் தந்ததில்லை.

படம் முடிந்து கம்பளிகளை அவிழ்க்கப் போனார்கள். கடைசி வரிசையிலிருந்து ஒரு பெண் எழுந்து வேகமாக ஷீபாவிடம் வந்தாள். ஏதோ குறை சொல்லப் போகிறாள் என்று ஷீபா பயந்து என் பக்கம் ஒதுங்கினாள்.

“இந்தாம்மா, இன்னொரு வாட்டி போடு. மாமியாளுக்கு நான் பேசணும்னு இருந்தேன், இவளுக யாரும் எனக்கு எடமே விடல.”

போட்டோம்.